டர்பனில் ஒரு நிலவழக்கு அலுவலகம்: இடைக்காலத் தடைக்கு மேல்முறையீடு வேண்டாம் என்று சொன்னவர்கள்

நிலத்தகராறில் எதிர்த்தரப்பு இடைக்காலத் தடை வாங்கிவிட்டது என்று தெரிந்ததும் நம்மவர்கள் வக்கீலிடம் கேட்கும் முதல் கேள்வி, இதை எதிர்த்து எப்போது அப்பீல் போடலாம் என்பதுதான். தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரின் நடுவில், கிரே தெரு என்று பெரியவர்கள் இன்னும் சொல்லிவரும் டாக்டர் யூசுஃப் தாதூ தெருவுக்குப் பக்கத்தில், துணிக்கடை ஒன்றின் மாடியில் இரண்டு அட்டர்னிகள் நடத்தும் சிறிய அலுவலகம் இருக்கிறது. அந்தக் கேள்விக்கு அவர்கள் பதில் சொன்ன விதத்தை வைத்தே நான் அவர்களுடைய சேவையை மதிப்பிடுகிறேன். எங்கள் குடும்ப வழக்கு இன்னும் நிலுவையில் இருப்பதால் அலுவலகத்தின் பெயரை இங்கே எழுதவில்லை. வழக்கை அடையாளம் காட்டக்கூடிய விவரங்களையும் தவிர்த்திருக்கிறேன்.

பின்னணி இதுதான். என் மாமியார் எழுபதைத் தாண்டியவர். டர்பனுக்கு வடக்கே, வெருலம் ஊரின் ஓரத்தில், காய்கறித் தோட்டமும் பழைய தகரக் கொட்டகையும் கொண்ட ஒரு நிலம் என் மாமனாரின் பெயரில் இருந்தது. அவர் உயில் எழுதாமல் இறந்த பிறகு, பிள்ளைகள் தங்கள் பங்கைத் தாய்க்கே விட்டுக்கொடுத்து ஒப்பந்தம் எழுதித் தந்தார்கள். பீட்டர்மாரிட்ஸ்பர்க் பத்திரப்பதிவு அலுவலகத்தில் நிலம் அத்தையின் பெயருக்கு மாறியது. தோட்டத்தைக் குத்தகைக்கு விட்டு வரும் பணத்தில்தான் அவருடைய மருந்துச் செலவு நடந்தது. வயதாகிவிட்டதே என்று நிலத்தை விற்க அவர் ஒப்பந்தம் போட்டபோது, நிலத்தின் மேற்குக் கோடியில் வீடு கட்டிக் குடியிருக்கும் என் மாமனாரின் தம்பி உயர் நீதிமன்றத்துக்கு அவசர மனுவுடன் போய்விட்டார். அண்ணனும் தம்பியும் சேர்ந்து உழைத்த பணத்தில் வாங்கிய நிலம் அது என்பது அவருடைய முதல் வாதம். முப்பது ஆண்டுகளுக்கு மேலாக அங்கே உரிமையாளரைப் போலவே வாழ்ந்துவருவதால் 1969-ஆம் ஆண்டின் காலவரைச் சட்டப்படி தன் பகுதி தனக்கே சொந்தமாகிவிட்டது என்பது இரண்டாவது. அத்தையின் திருமணம் கோயிலில் இந்து முறைப்படி நடந்ததே தவிர அரசுப் பதிவேட்டில் ஏறவில்லை, ஆகவே அவர் சட்டப்படி வாரிசே அல்ல என்பது மூன்றாவது. இந்த மூன்றாவது வாதம்தான் அத்தையை உடைத்துப்போட்டது. “என் கொழுந்தன், என் கையால சோறு வாங்கித் தின்னவன்மா, அவனா இப்படி எழுதிக் குடுத்தான்?” என்று அவர் கேட்டுக்கொண்டே இருந்தார்.

நீதிமன்றம் எங்கள் தரப்பைக் கேட்காமலேயே, குறித்த நாளில் வந்து காரணம் காட்டும்படி உத்தரவிட்டு, அதுவரை இரண்டு தடைகளை விதித்தது. நிலத்தை விற்கவோ பெயர் மாற்றவோ கூடாது என்பது ஒன்று. நிலத்தைக் குத்தகைக்கு விடுவதும் குத்தகைப் பணம் வாங்குவதும் கூடாது என்பது மற்றொன்று.

முதலில் நாங்கள் வேறொரு அலுவலகத்துக்குத்தான் போனோம். அங்கே உத்தரவின் முதல் பக்கத்தைப் பார்த்துவிட்டு, மேல்முறையீடு செய்துவிடலாம், முன்பணம் கட்டுங்கள் என்றார்கள். நீதிமன்றத்தில் எங்கள் தரப்பில் யாராவது ஆஜரானார்களா என்றுகூட அவர்கள் கேட்கவில்லை. திருநெல்வேலியிலிருந்து தொலைபேசியில் பேசிய என் அண்ணனும் அதையேதான் சொன்னார். அவருக்குத் தெரிந்த நீதிமன்றங்களில் அது சரியான யோசனையும்கூட. மாடி அலுவலகத்துக்கு நாங்கள் போனது, வெருலத்தில் பக்கத்து வீட்டுக்காரர் ஒருவர் சொல்லித்தான்.

அங்கே எங்கள் கோப்பை எடுத்துக்கொண்ட பெண் அட்டர்னி, அத்தையை “ஆன்ட்டி” என்று அழைத்து உட்காரவைத்துவிட்டு, முதலில் உத்தரவை முழுவதுமாகப் படித்தார். இரண்டாம் பக்கத்தில் விசாரணைக்குத் திரும்ப வரவேண்டிய நாள் குறிப்பிட்டிருந்த வரியின் கீழ் பென்சிலால் கோடு போட்டார். பிறகு, இந்த உத்தரவு எந்தத் தேதியில் எப்படி உங்கள் கைக்கு வந்தது, நீதிமன்ற அலுவலரான ஷெரீப் கொண்டுவந்து கொடுத்தாரா, உத்தரவோடு சத்தியக்கூற்றின் (அஃபிடவிட்) பக்கங்கள் எல்லாம் இருந்தனவா என்று வரிசையாகக் கேட்டார். அதன் பிறகே, இதற்கு மேல்முறையீடு வேண்டாம் என்று சொல்லி, ஏன் வேண்டாம் என்பதை ஒரு வெள்ளைத்தாளில் கட்டம் போட்டு விளக்கினார். அந்தத் தாள் இன்னும் என்னிடம் இருக்கிறது. இந்த நாட்டில் நிலவழக்கில் மாட்டிக்கொள்ளும் எவருக்கும் பயன்படும் என்பதால், அதில் உள்ளதைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

தென்னாப்பிரிக்க உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பை எதிர்த்து நேராக மேல்முறையீடு செய்ய முடியாது; முதலில் தீர்ப்பளித்த நீதிபதியிடமே அனுமதி கேட்க வேண்டும். உத்தரவு வந்த நாளிலிருந்து பதினைந்து நீதிமன்ற வேலைநாட்களுக்குள் அந்த மனுவைப் போட வேண்டும். சனி, ஞாயிறு, பொது விடுமுறை இவை அந்தக் கணக்கில் சேரா. 2013-ஆம் ஆண்டின் உயர் நீதிமன்றங்கள் சட்டம், 17-ஆம் பிரிவில், மேல்முறையீடு வெற்றிபெறும் நியாயமான வாய்ப்பு இருந்தாலோ, அதைக் கேட்டே தீரவேண்டிய வலுவான வேறு காரணம் இருந்தாலோ மட்டுமே அனுமதி தரலாம் என்கிறது. அந்த நீதிபதி மறுத்தால், ஒரு மாதத்துக்குள் புளூம்ஃபொன்டைனில் உள்ள உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு மனு அனுப்பலாம்; அங்கே இரண்டு நீதிபதிகள் பெரும்பாலும் காகிதத்தைப் படித்தே முடிவு சொல்லிவிடுவார்கள்.

இது எல்லாத் தீர்ப்புகளுக்கும் உள்ள பொதுவான வாசல். இடைக்கால உத்தரவுக்கு அதற்கும் முன்னால் இன்னொரு வாசல் இருக்கிறது. 1993-ஆம் ஆண்டில் வெளியான ஸ்வேனி வழக்கின் தீர்ப்பு, மேல்முறையீட்டுக்கு உரிய உத்தரவுக்கு மூன்று இலக்கணங்களைச் சொன்னது: அதைப் பிறப்பித்த நீதிமன்றமே பிறகு மாற்ற முடியாதபடி அது முடிவானதாக இருக்க வேண்டும், தரப்பினரின் உரிமையை அது தீர்மானித்திருக்க வேண்டும், வழக்கில் கேட்கப்பட்ட நிவாரணத்தில் கணிசமான பகுதியையாவது அது முடித்துவைத்திருக்க வேண்டும். குறித்த நாளில் திரும்ப விசாரிக்கப்போகிற ஒருதலைப்பட்சத் தடையாணை இந்த மூன்றில் ஒன்றைக்கூட நிறைவு செய்யாது. இந்த அளவுகோல் பழசாகிவிட்டது, நீதியின் நலன் கருதி எந்த உத்தரவையும் மேல்முறையீட்டில் எடுத்துக்கொள்ளலாம் என்று வாதிடுகிறவர்கள் உண்டு. நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றமான அரசியலமைப்பு நீதிமன்றம் தன் முன் வரும் வழக்குகளில் அப்படித்தான் பார்க்கிறது. ஆனால் 2023-இல் டி.டபிள்யூ.கே. அக்ரிகல்ச்சர் வழக்கில் உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றம், உத்தரவு முடிவானதா என்பதே தன் வரையில் அடிப்படைக் கேள்வி என்று மறுபடியும் அழுத்திச் சொல்லிவிட்டது.

எனக்கு எல்லாவற்றையும்விடத் தெளிவு தந்தது கட்டத்தின் கடைசி வரிதான். மேல்முறையீட்டு அனுமதி கேட்டு மனுப் போட்டாலே தடை நின்றுவிடும் என்று நாங்கள் நினைத்திருந்தோம். முடிவான தீர்ப்புக்குத்தான் அப்படி. அதே சட்டத்தின் 18-ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவின்படி, முடிவான தன்மை இல்லாத இடைக்கால உத்தரவு, மேல்முறையீட்டு மனு நிலுவையில் இருக்கும்போதும் அமலிலேயே இருக்கும். அதை நிறுத்திவைக்க விதிவிலக்கான சூழ்நிலை வேண்டும், ஈடுசெய்ய முடியாத தீங்கையும் நிரூபிக்க வேண்டும். அதாவது பணத்தையும் மாதங்களையும் செலவழித்து மேல்முறையீட்டுக்குப் போனாலும், அத்தைக்குக் குத்தகைப் பணம் வராமல்தான் இருந்திருக்கும்.

அதற்குப் பதிலாக இருந்த வழி மிக எளியது. உயர் நீதிமன்ற விதிகளின் ஆறாம் விதியில், தனக்கு எதிராக ஒருதலைப்பட்சமாக உத்தரவு பெறப்பட்டவர் இருபத்துநான்கு மணி நேரத்துக்குக் குறையாத முன்னறிவிப்புக் கொடுத்து, திரும்ப விசாரிக்கும் நாளை முன்கூட்டியே கொண்டுவரலாம் என்று இருக்கிறது. அவசர மனுவில் தான் இல்லாதபோது பிறந்த உத்தரவை மறுபரிசீலனைக்குப் பட்டியலிடவும் அதே விதி இடம் தருகிறது. முதல் அலுவலகத்தில் இந்த விதியைப் பற்றி ஒரு வார்த்தை வரவில்லை. தெரியாமல் சொல்லாமல் விட்டார்களா, மேல்முறையீடு என்றால் கட்டணம் அதிகம் என்பதால் விட்டார்களா என்று நான் தீர்ப்புச் சொல்லப்போவதில்லை.

தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள் இந்த வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். அங்கே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-ஆம் கட்டளைப்படி கொடுக்கப்படும் தடையாணையை எதிர்த்து, 43-ஆம் கட்டளையின் முதல் விதிப்படி மேல்முறையீடு செய்வது உரிமை. யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. சி.எம்.ஏ. (சிவில் மிஸலேனியஸ் அப்பீல்) என்று ஊர்ப்பக்கம் சொல்வது அதைத்தான். அங்கும் மேல்முறையீட்டு நீதிமன்றம் எல்லாவற்றையும் புதிதாக அலசுவதில்லை. கீழ் நீதிமன்றம் தன் விருப்பதிகாரத்தை நியாயமாகப் பயன்படுத்தியிருந்தால், மேலே உள்ள நீதிபதிக்கு வேறு கருத்து இருக்கிறது என்பதற்காக மட்டும் அதை மாற்றக் கூடாது என்று 1990-இல் இந்திய உச்ச நீதிமன்றம் வாண்டர் வழக்கில் சொல்லியிருக்கிறது. ஆனாலும் கதவு திறந்தே இருக்கிறது. இங்கே கதவே பூட்டியிருக்கிறது என்பதை என் அண்ணனுக்கு விளங்கவைக்க எனக்கு வெகுநேரம் பிடித்தது. தொலைபேசியை வைக்கும்போதும் அவர் முழுமனதாக ஒப்புக்கொள்ளவில்லை.

அலுவலகத்தின் உண்மையான உழைப்பு எதிர்ச்சத்தியக்கூற்றைத் தயாரித்ததில் தெரிந்தது. இடைக்காலத் தடைக்கு இந்த நாட்டில் 1914-ஆம் ஆண்டின் செட்லொகெலோ தீர்ப்பிலிருந்து நிலைபெற்ற நான்கு தேவைகள் உண்டு: முதல் பார்வையில் தெரியும் உரிமை, ஈடுசெய்ய முடியாத தீங்கு நேரும் என்ற நியாயமான அச்சம், யாருக்கு அதிகச் சங்கடம் என்ற ஒப்பீடு, வேறு தகுந்த பரிகாரம் இல்லாமை. அவர்கள் எங்கள் ஆவணங்களை இந்த நான்கு தலைப்புகளின் கீழ் பிரித்து அடுக்கினார்கள். பத்திரப்பதிவு அலுவலகத் தேடல் பிரதி, ஈதெக்வினி நகராட்சிக்கு அத்தை கட்டிவந்த வரிப் பில்கள், குத்தகைச் சீட்டு, மருந்துக்கடை ரசீதுகள் எல்லாவற்றுக்கும் எண் போடப்பட்டது. மருந்துக்கடை ரசீது எதற்கு என்று நான் கேட்டபோது, மூன்றாவது தேவைக்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை என்றார் அட்டர்னி. அத்தையின் கொழுந்தனாரின் வீட்டுக்கு என் மாமனார் கூரைத்தகடு வாங்கிக் கொடுத்த பழைய பில்லையும் அவர் விடவில்லை. அண்ணனின் அனுமதியோடு குடியிருந்தவர் உரிமையாளரைப் போல வாழ்ந்ததாகச் சொல்ல முடியாது என்பதற்கு அது உதவும் என்று ஒரு பத்தியே எழுதினார்.

திருமணம் பற்றிய வாதத்துக்கு அவர் எழுதிய பதில் அரைப்பக்கம்தான். பதிவு செய்யப்படாத, ஒருதாரமான இந்துத் திருமணத்தில் உயிரோடிருக்கும் துணையும் வாரிசுரிமைச் சட்டத்தின் பொருளில் கணவனோ மனைவியோதான் என்று டர்பன் உயர் நீதிமன்றமே 2008-இல் தீர்ப்பளித்திருக்கிறது. அந்தத் தீர்ப்பின் நகலை அவர் அத்தையிடம் காட்டி, “ஆன்ட்டி, இது உங்களைப் போன்ற இன்னொரு அம்மா போட்ட வழக்கு” என்று விளக்கிய பிறகுதான் அத்தை அன்றைக்குச் சாப்பிட்டார். சட்ட ஆலோசனைக்கு நாம் பணம் கொடுக்கிறோம். அதை எப்படிச் சொல்வது என்ற பக்குவத்துக்குத் தனியாகக் கட்டணம் இல்லை. அது இந்த அலுவலகத்தில் இருக்கிறது.

சத்தியக்கூற்றில் கையெழுத்திட எங்களை வெருலம் காவல் நிலையத்துக்கு அனுப்பினார்கள். வழக்கில் தொடர்புள்ள அட்டர்னியே உறுதிமொழி வாங்கிச் சான்றொப்பம் இடக் கூடாது என்பது விதி. காவல் நிலையத்தில் அதைக் கட்டணமில்லாமல் செய்கிறார்கள். ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் அத்தை சுருக்கொப்பம் இட வேண்டியிருந்தது. அவர் தமிழில் முழுப்பெயரையும் எழுதத் தொடங்க, வரிசையில் பின்னால் நின்றவர்கள் பொறுமையிழந்தார்கள். காவலர் மட்டும் எழுதட்டும் விடுங்கள் என்று காத்திருந்தார்.

இந்தக் கட்டத்தில் அலுவலகத்தின் ஒரு குறையும் வெளிப்பட்டது. என் மாமனாரின் தந்தை, நிலம் வாங்கிய காலத்தில் யார் யார் எவ்வளவு பணம் போட்டார்கள் என்று ஒரு நோட்டில் தமிழில் எழுதிவைத்திருந்தார். அதில் இளைய மகனின் பெயரே இல்லை என்பது எங்களுக்கு மிகவும் சாதகமான செய்தி. நான் அதை மொழிபெயர்த்துத் தருகிறேன் என்றேன்; பயிற்சி எழுத்தர் ஒருவர் அதை அப்படியே வாங்கிக் கோப்பில் சேர்த்துவிட்டார். ஆனால் ஆட்சிமொழியல்லாத மொழியில் உள்ள ஆவணத்தோடு, உறுதிமொழி எடுத்த மொழிபெயர்ப்பாளர் சரியென்று சான்றளித்த மொழிபெயர்ப்பு இருக்க வேண்டும் என்று 60-ஆம் விதி சொல்கிறது. தென்னாப்பிரிக்க அரசியலமைப்பின் ஆறாம் பிரிவு, போற்றி வளர்க்க வேண்டிய மொழிகளில் ஒன்றாகத் தமிழைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. அது தமிழை ஆட்சிமொழி ஆக்கிவிடாது. எதிர்த்தரப்பு ஆட்சேபித்த பிறகு, அந்த நோட்டைச் சத்தியக்கூற்றிலிருந்து எடுக்க வேண்டியதாயிற்று. தமிழில் உறுதிமொழி மொழிபெயர்ப்பாளரைத் தேடிப் பிடிப்பது லேசான வேலை அல்ல. அதைத் தொடக்கத்திலேயே தொடங்கியிருக்க வேண்டியது அலுவலகம்தான். தமிழ்க் குடும்பங்கள் இவ்வளவு பேர் வந்துபோகும் இடத்தில் இந்த விதி எழுத்தருக்குத் தெரியாமல் இருந்ததை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்ளவில்லை. வீட்டில் தாத்தா காலத்துத் தமிழ்க் காகிதங்கள் இருப்பவர்கள், எந்த அலுவலகத்துக்குப் போனாலும் முதல் நாளே இதைக் கேட்டுவிடுங்கள்.

விசாரணைக்கு அலுவலகம் ஓர் இளம் அட்வகேட்டை அமர்த்தியது. இங்கே கட்சிக்காரரைச் சந்திப்பது அட்டர்னி, உயர் நீதிமன்றத்தில் பெரும்பாலும் வாதாடுவது அட்வகேட். இரண்டு பேருக்கும் தனித்தனிக் கட்டணம். மூத்த வழக்கறிஞர் வேண்டும் என்று என் கணவர் வற்புறுத்தினார். இந்த விசாரணைக்கு மூத்தவர் தேவையில்லை, அந்தப் பணத்தைச் சாட்சி விசாரணைக்கு வைத்துக்கொள்ளுங்கள் என்று அட்டர்னி மறுத்துவிட்டார். நீதிமன்றத்தில் என்ன நடந்தது என்பதைச் சொல்ல இரண்டு வரி போதும். குத்தகை பற்றிய தடை நீக்கப்பட்டது. விற்பனைத் தடை தொடர்ந்தது. ஆனால் கொழுந்தனார் முப்பது நாட்களுக்குள் முறையான உரிமை வழக்குத் தொடர வேண்டும், தவறினால் அதுவும் தானாக விழுந்துவிடும் என்று நீதிபதி நிபந்தனை விதித்தார்.

அடுத்த நாளே தோட்டக் குத்தகைக்காரருக்கு அலுவலகத்திலிருந்து கடிதம் போனது. பணம் திரும்பவும் வரத் தொடங்கியது. நிலத்தை வாங்க இருந்தவரோ காத்திருக்க மாட்டேன் என்று விலகிவிட்டார். உறவினர்கள் மறுபடியும் மேல்முறையீட்டுப் பேச்சை எடுத்தார்கள். விற்பனையே முறிந்துபோன பிறகு இந்தத் தடையை இடைக்காலத் தடை என்று எப்படிச் சொல்வது, நடைமுறையில் இது முடிவான தீர்ப்புத்தானே என்று என் கணவர் கேட்டது நியாயமான கேள்வி. அட்டர்னி அதைத் தட்டிக்கழிக்கவில்லை. எழுத்தில் கருத்துரை கேட்டால் கட்டணம் உண்டு என்று முன்கூட்டியே சொல்லி, ஒப்புதல் வாங்கிக்கொண்டு, நான்கு பக்கத்தில் பதில் தந்தார்.

அந்தக் கருத்துரை நான் இந்த நாட்டில் காசு கொடுத்து வாங்கியவற்றில் பெறுமதியான ஒன்று. ஓர் உத்தரவால் ஒருவருக்குப் பண இழப்போ சிரமமோ ஏற்படுவது வேறு, வழக்கின் மூலக்கேள்வியை அந்த உத்தரவே தீர்த்துவைத்துவிடுவது வேறு என்று அது பிரித்துக் காட்டியது. நிலம் யாருடையது என்ற கேள்வி இன்னும் திறந்திருக்கிறது. வாங்குபவர் ஒருவர் போனால் இன்னொருவர் வரலாம். ஆகவே நீதிமன்றம் இதை முடிவான உத்தரவாகப் பார்ப்பது அரிது என்பது அதன் முடிவு. தனக்கு எதிரான வாதத்தையும் அது மறைக்கவில்லை: 2022-இல் லெபாஷே வழக்கில் அரசியலமைப்பு நீதிமன்றம் இடைக்காலத் தடையாணை ஒன்றை எதிர்த்த மேல்முறையீட்டை விசாரணைக்கு எடுத்துக்கொண்டது என்பதை எடுத்துச் சொல்லி, அது கருத்துச் சுதந்திரம் சம்பந்தப்பட்ட வழக்கு, நமது வழக்குக்கு அந்தக் கனம் இல்லை என்று விளக்கியது. கடைசிப் பத்தியில், வெற்றி வாய்ப்பையும் தோற்றால் எதிர்த்தரப்புக்குக் கட்டவேண்டிய செலவையும் எதிரெதிரே வைத்துக் காட்டியிருந்தார். படித்து முடித்ததும் என் கணவர் ஒன்றும் பேசாமல் கோப்பை மூடினார். நாங்கள் மேல்முறையீட்டுக்குப் போகவில்லை.

போனவர்கள் எதிர்த்தரப்பினர். குத்தகைத் தடை நீங்கியதையும் முப்பது நாள் கெடுவையும் எதிர்த்து அவர்கள் அனுமதி கேட்டு மனுப் போட்டார்கள். போட்ட கையோடு, மேல்முறையீட்டு மனு நிலுவையில் இருப்பதால் குத்தகைப் பணம் கொடுக்கக் கூடாது என்று தோட்டக்காரருக்கும் கடிதம் அனுப்பிவிட்டார்கள். அவர் பயந்துபோய் எங்களை அழைத்தார். எங்களுக்கு முன்பு விளக்கப்பட்ட அதே 18-ஆம் பிரிவு இப்போது எங்கள் பக்கம் வேலை செய்தது. அலுவலகம் அன்று மாலையே பதில் கடிதம் அனுப்பியது, குத்தகை நிற்கவில்லை. அனுமதி மனு விசாரணைக்கு வந்தபோது எங்கள் அட்வகேட் பேசியது கொஞ்ச நேரம்தான். உத்தரவு முடிவான தன்மை உடையது அல்ல, வெற்றி வாய்ப்பும் இல்லை என்று நீதிபதி மனுவைச் செலவுத்தொகையுடன் தள்ளுபடி செய்தார். புளூம்ஃபொன்டைனுக்குப் போக அவர்களுக்கு இருந்த ஒரு மாதம் கடந்துவிட்டது. உரிமை வழக்கை மட்டும் கெடுவுக்குள் போட்டுவிட்டார்கள்.

குறைகளுக்கு வருகிறேன். கட்டண விவரம் ஆறு நிமிடத் துண்டுகளாகக் கணக்கிடப்படுகிறது. அதில் தவறில்லை, பல அலுவலகங்களில் அப்படித்தான். ஆனால் இரண்டு மாதத்துக் கணக்கை ஒரே பில்லாக அனுப்பியதால், எந்தத் தொலைபேசி அழைப்பு எதற்கு என்று எங்களால் சரிபார்க்க முடியவில்லை. கேட்ட பிறகு மாதாமாதம் அனுப்பினார்கள். வாட்ஸப்பில் கேட்ட கேள்விக்கும் கட்டணம் உண்டு என்பதை ஒப்பந்தக் கடிதத்தின் ஐந்தாம் பக்கத்தில் சின்ன எழுத்தில் போட்டிருக்கிறார்கள். அத்தை காலை வணக்கம் சொல்லி அனுப்பிய படங்களுக்குக் கட்டணம் போடவில்லை என்பதையும் நியாயத்துக்காகச் சொல்லிவிடுகிறேன். மதிப்புக் கூட்டு வரி பதினைந்து சதவீதம் எல்லாவற்றுக்கும் மேல் வருகிறது. முதலில் சொல்லும் தொகையில் அது சேர்ந்திருக்கிறதா என்று கேட்டுக்கொள்ள வேண்டும். பெண் அட்டர்னி நீதிமன்றத்தில் இருக்கும் நாட்களில் அலுவலகத்தில் பதில் சொல்ல ஆள் இல்லை. வரவேற்பில் இருக்கும் வயதான எழுத்தர் மட்டும் தமிழில் ஆறுதலாக நாலு வார்த்தை பேசுவார். வழக்கின் நிலை அவருக்குத் தெரியாது. மாடிக்கு மின்தூக்கி கிடையாது. முழங்கால் வலி உள்ள பெரியவர்களை அழைத்துப் போகிறவர்கள் கீழே கடையிலேயே உட்காரவைத்துவிட்டு அட்டர்னியைக் கீழே வரச் சொல்லலாம். முன்னதாகச் சொன்னால் வருகிறார்.

எல்லா நில விவகாரத்துக்கும் இவர்களிடம் போகச் சொல்ல மாட்டேன். நிறவெறி ஆட்சிக் காலத்து இனவாரிப் பகுதிச் சட்டத்தால் டர்பனின் கேட்டோ மேனரிலோ வேறு இடத்திலோ பறிபோன நிலத்துக்கான கோரிக்கை வேறு வகையைச் சேர்ந்தது. அது 1994-ஆம் ஆண்டின் நில மீட்புச் சட்டப்படி நடப்பது, 2024 ஏப்ரலில் செயல்படத் தொடங்கிய நில நீதிமன்றம் விசாரிப்பது. அதில் எங்களுக்கு அனுபவம் போதாது என்று இவர்களே சொல்லி வேறு இடத்துக்கு அனுப்புகிறார்கள். சமரசத்தில் ஈடுபாடு உள்ளவர்களுக்கும் இவர்கள் அவ்வளவு பொருந்த மாட்டார்கள் என்பது என் எண்ணம். 2020 முதல் 41ஏ விதிப்படி ஒவ்வொரு வழக்கின் தொடக்கத்திலும் சமரசத்துக்குச் சம்மதமா இல்லையா என்று இரு தரப்பும் அறிவிக்க வேண்டும். எங்கள் தரப்பு அறிவிப்பைச் சம்பிரதாயமாகப் பூர்த்தி செய்தார்களே தவிர, அண்ணன் மனைவிக்கும் கொழுந்தனுக்கும் நடுவில் ஒரு பெரிய மனிதரை உட்காரவைத்துப் பேசிப் பார்க்கலாமா என்று கேட்கவில்லை. கொழுந்தனாரின் வீட்டை மட்டும் பிரித்துக் கொடுத்துவிட அத்தை ஒரு கட்டத்தில் தயாராகவே இருந்தார். அதை அவர் சொன்னது என்னிடம்தான்; நான் சொல்லித்தான் அலுவலகத்துக்குத் தெரியும். இப்போது அதை எழுத்தில் எதிர்த்தரப்புக்கு அனுப்பியிருக்கிறார்கள், பதில் வரவில்லை.

உரிமை வழக்குக்கான கட்டணத்தைத் தனியாக மதிப்பிட்டு, தவணையில் கட்ட ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். மேல்முறையீட்டு அனுமதி மனுவில் எங்களுக்குக் கிடைத்த செலவுத்தொகை, 2024 ஏப்ரலில் வந்த புதிய விதிப்படி, பி அளவுகோலில் உத்தரவாகியிருக்கிறது. அந்த அளவுகோலில் அட்வகேட்டுக்கு எதிர்த்தரப்பிடமிருந்து பெறக்கூடியது கால் மணி நேரத்துக்கு அதிகபட்சம் 750 ராண்ட். நாங்கள் உண்மையில் கொடுத்ததற்கு அது ஈடாகாது என்பதை அட்டர்னி முதலிலேயே சொல்லிவிட்டார். பில்லைச் சரிபார்க்கும் நீதிமன்ற அதிகாரியிடம் அது போயிருக்கிறது. இதை எழுதும் நாள்வரை பணம் கைக்கு வரவில்லை.